சரயேவோவும் ஸ்ரீபெரும்புதூரும்

பூந்தமல்லியைத் தாண்டி பெங்களூரு நெடுஞ்சாலையில் மேற்கே போனால், செம்பரம்பாக்கம் ஏரியைக் கடந்த கொஞ்ச நேரத்தில் இருங்காட்டுக்கோட்டை வந்துவிடுகிறது. 1998இல் முதல் சான்ட்ரோ காரை வெளியே அனுப்பிய ஹூண்டாய் ஆலைதான் இன்று இந்த ஊரின் அடையாளம். கார்களை இரண்டடுக்காகச் சுமந்து துறைமுகத்துக்குப் போகும் டிரெய்லர்களும், ஷிப்டுக்கு ஆளேற்றிப் போகும் கம்பெனி பஸ்களும், கொரிய எழுத்தில் பலகை மாட்டிய உணவகங்களும் சாலையை நிறைக்கின்றன. ஸ்ரீபெரும்புதூரில் பிரான்சின் செயின்ட் கோபைன் கண்ணாடி வார்க்கிறது. தைவானின் ஃபாக்ஸ்கான் ஐபோன் பூட்டுகிறது. தெற்கே திரும்பினால் வல்லம் வடகாலில் ஜப்பானின் யமஹா, ஒரகடத்தில் ஜெர்மனியின் டெய்ம்லர் லாரி ஆலை, ரெனோவும் நிஸானும் கூட்டாகத் தொடங்கிய கார் ஆலை, ஜப்பானின் கோமட்சு. சென்ற நூற்றாண்டில் ஒருவர் ஊரை ஒருவர் தரைமட்டமாக்கிய நாடுகளின் பெயர்கள் இங்கே ஒரே தடத்தில் அடுத்தடுத்து இருக்கின்றன. இதைப் பார்க்கிறவர்கள் பெரும்பாலும் ஒரு முடிவுக்கு வருகிறார்கள்: வியாபாரம் இப்படிப் பின்னிப் பிணைந்துவிட்ட உலகில் இனிப் பெரும்போர் வராது என்று. அந்த முடிவு தவறு. நாடுகள் எப்படிப் பெரும்போருக்குள் போய் விழுகின்றன, எப்படி விழாமல் தப்புகின்றன என்ற கேள்விக்கு இந்தத் தடத்தில் விடை உண்டு. அது ஆலைகளுக்குள் இல்லை. சாலையோரத்து நினைவிடம் ஒன்றிலும், வந்த வழியில் விட்டுவந்த பூந்தமல்லியிலும் இருக்கிறது.

முதலில் வியாபார வாதத்தைப் பார்த்துவிடலாம். நார்மன் ஏஞ்சல் என்ற ஆங்கிலேயர் 1910இல் 'மாபெரும் மாயை' என்று பொருள்படும் தலைப்பில் ஒரு நூல் வெளியிட்டார். தொழில் வளர்ந்த நாடுகளின் பணமும் சந்தையும் ஒன்றோடொன்று கலந்துவிட்டன, ஆகவே போரில் வென்றவனுக்கும் நஷ்டமே மிஞ்சும் என்பது அவர் கணக்கு. 'நஷ்டம்' என்று அவர் எழுதியதைப் பலர் 'நடக்காது' என்று படித்துக்கொண்டார்கள். கணக்கில் பிழை இல்லை. 1914க்கு முன் பிரிட்டனின் பெரிய வாடிக்கையாளர்களில் ஜெர்மனியும் ஒன்று. ஜெர்மன் வணிகக் கப்பல்களில் பெரும்பங்கு லண்டன் லாயிட்ஸில்தான் காப்பீடு செய்யப்பட்டிருந்தது. பிரிட்டிஷ் கடற்படை மூழ்கடிக்கும் கப்பலுக்கு பிரிட்டிஷ் காப்பீட்டாளரே பணம் கட்ட வேண்டிய விசித்திர நிலை. பிரிட்டிஷ் வண்டிகளின் என்ஜின்களில் பொறி உண்டாக்கும் மேக்னெட்டோ ஏறக்குறைய முழுவதும் ஜெர்மனியின் பாஷ் கம்பெனியிலிருந்து வந்தது. பிரிட்டிஷ் சிப்பாயின் காக்கிச் சட்டைக்கான சாயமும் ஜெர்மனியின் சரக்குதான். இவ்வளவு இருந்தும் போர் வந்தது. வந்த பிறகு பாரிஸில் வாடகைக்கு ஓடிய ரெனோ டாக்சிகள் 1914 செப்டம்பரில் மார்ன் போர்முனைக்குச் சிப்பாய்களை ஏற்றிச் சென்றன. 1917இல் ரெனோ டாங்கி செய்தது. டெய்ம்லரின் மெர்சிடஸ் என்ஜின்கள் ஜெர்மன் போர் விமானங்களில் உறுமின. ஒரகடத்தில் இன்று பக்கத்துப் பக்கத்து மனைக்காரர்களாக இருக்கும் இரு பெயர்களுக்கும் இப்படியொரு பழைய கணக்கு உண்டு. சமாதான காலத்தில் கார் செய்யத் தெரிந்த ஆலைக்குப் போர்க்காலத்தில் டாங்கி செய்யத் தெரியும். வியாபாரம் போரின் செலவைக் கூட்டும். செலவைப் பார்த்துப் பின்வாங்கும் நிலையில் ஆள்வோர் இருந்தால்தான் அதனால் பயன்.

1914இல் அவர்கள் ஏன் அந்த நிலையில் இல்லை? ஐரோப்பா அதற்குள் இரண்டு அணியாகப் பிரிந்து நின்றது. 1879இல் ஜெர்மனியும் ஆஸ்திரியா-ஹங்கேரியும் கைகோத்தன, 1882இல் இத்தாலி சேர்ந்தது. அதற்கு எதிரணியாக 1894இல் பிரான்சும் ரஷ்யாவும். 1904இல் பிரான்சோடும் 1907இல் ரஷ்யாவோடும் பிரிட்டன் இணக்கம் செய்துகொண்டது. ஜூன் 28 அன்று சரயேவோவில் ஆஸ்திரிய இளவரசர் ஃபிரான்ஸ் ஃபெர்டினாண்டை 19 வயது கவ்ரிலோ பிரின்சிப் சுட்டுக் கொன்றான். அவன் போஸ்னிய செர்பியன். ஆயுதம் தந்த ரகசிய அமைப்பின் தலைவர் செர்பிய ராணுவ உளவுப்பிரிவின் தலைவராகவும் இருந்தவர். ஒரு கொலை, அதன் பின்னால் எல்லைக்கு அப்பாலிருந்து ஒரு கை. வழக்காக நடத்தக்கூடிய விஷயம்தான். ஆனால் ஜூலை 5 அன்று 'நீ என்ன செய்தாலும் உன் பக்கம் நிற்கிறேன்' என்று ஜெர்மனி சொன்னது. அந்தத் துணிச்சலில் ஆஸ்திரியா ஜூலை 23 அன்று செர்பியாவுக்கு 48 மணி நேரக் கெடு விதித்தது. செர்பியா ஏறக்குறைய எல்லாவற்றுக்கும் தலையாட்டியது; தன் மண்ணில் ஆஸ்திரிய அதிகாரிகள் விசாரணையில் பங்கேற்பதை மட்டும் ஏற்கவில்லை. ஜூலை 28 போர்ப் பிரகடனம். ஜூலை 30 ரஷ்யா முழுப்படை திரட்ட ஆணையிட்டது. ஆகஸ்ட் 1 அன்று ரஷ்யா மீதும் 3 அன்று பிரான்ஸ் மீதும் ஜெர்மனி போர் அறிவித்தது. 4 அன்று பெல்ஜியத்துக்குள் அது நுழைய, பிரிட்டனும் இறங்கியது. 1902 உடன்படிக்கையைக் காட்டி அதே மாதம் ஜப்பானும் சேர்ந்தது. பிரின்சிப் மீதான விசாரணை சரயேவோவில் தொடங்கியதோ அக்டோபர் 12 அன்றுதான். எந்தக் கொலைக்கு நியாயம் கேட்டுப் புறப்பட்டார்களோ அதன் வழக்கு கூண்டேறும் முன் ஐரோப்பாவில் லட்சக்கணக்கானோர் செத்திருந்தார்கள்.

கூட்டணிதான் காரணம் என்று இங்கேயே நிறுத்தினால் கெட்டிக்கார வாசகர் இரண்டு கேள்வி கேட்பார். இத்தாலி கூட்டணியில் இருந்துகொண்டே ஒதுங்கி நின்றது. 1915இல் எதிரணியிலேயே சேர்ந்தது. மறுபுறம், ரஷ்யாவுக்குச் செர்பியாவைக் காப்பாற்றும் உடன்படிக்கைக் கட்டாயம் எதுவும் கிடையாது; இருந்தும் இறங்கியது. கையெழுத்துப் போட்டவன் வரவில்லை, போடாதவன் வந்தான் என்றால் காகிதத்துக்கு என்ன சக்தி? நியாயமான கேள்வி. இந்த இடத்தில்தான் தேசியவாதத்தின் வேலை தெரிகிறது. 1908இல் போஸ்னியாவை ஆஸ்திரியா தன்னோடு சேர்த்துக்கொண்டபோது, ஜெர்மனியின் மிரட்டலுக்குப் பணிந்து ரஷ்யா வாயை மூடிக்கொண்டது. ஸ்லாவ் இனத்தின் காவலன் என்று தன்னைச் சொல்லிக்கொண்ட நாட்டுக்கு அது பொறுக்க முடியாத அவமானம். இன்னொரு முறை பணிந்தால் நாட்டுக்குள் தலைகாட்ட முடியாது என்ற பயம் 1914இல் ஜார் அரசை ஆட்டிவைத்தது. வியன்னாவிலும் இதே பயம்: இந்தக் கொலையைப் பொறுத்துக்கொண்டால் பல இனங்கள் வாழும் பேரரசு கலகலத்துப் போகும் என்று. ஆக, இரண்டும் வெவ்வேறு வேலையைச் செய்கின்றன. கூட்டணி சின்னவனுக்குத் தைரியம் கொடுக்கிறது, பெரியவனின் கௌரவத்தைச் சின்னவனின் சண்டையில் பணயம் வைக்கிறது. தேசியவாதம், பின்வாங்க நினைக்கும் தலைவரைத் துரோகி என்று கூப்பிடுகிறது. இத்தாலியில் முதலாவது இருந்தது, இரண்டாவது அதன் பக்கம் இல்லை; அங்கிருந்த தேசிய உணர்ச்சி ஆஸ்திரியாவின் கையிலிருந்த நிலத்தின் மீது கண் வைத்திருந்தது. ஆகவேதான் காகிதம் கிழிந்தது.

இப்படி மூண்ட தீ, சண்டையில் சம்பந்தமே இல்லாதவன் கூரைக்கும் தாவும். இந்த நெடுஞ்சாலையின் சென்னை முனையில் அதற்குச் சாட்சி உண்டு. உயர் நீதிமன்ற வளாகத்தின் கிழக்குச் சுவரில் ஒரு கல்வெட்டு; 1914 செப்டம்பர் 22 இரவு எம்டன் என்ற ஜெர்மன் போர்க்கப்பல் சென்னை மீது குண்டு வீசியதைச் சொல்கிறது. கேப்டன் கார்ல் ஃபான் முல்லர் சுட்ட நூற்றுக்கும் மேற்பட்ட குண்டுகளில் துறைமுகத்தருகே பர்மா ஆயில் கம்பெனியின் எண்ணெய்த் தொட்டிகள் பற்றி எரிந்தன, உயிர்களும் போயின, ஊரைக் காலி செய்துகொண்டு மக்கள் ஓடினார்கள். சென்னைவாசிக்கு ஜெர்மனியோடு என்ன பகை? பெல்ஜியம் எங்கே இருக்கிறது என்றுகூட அவருக்குத் தெரிந்திருக்க வேண்டியதில்லை. சரயேவோவிலிருந்து நீண்ட சங்கிலியின் கடைசிக் கண்ணி அவர் காலில் பூட்டப்பட்டிருந்தது, அவ்வளவுதான். அந்தப் போரில் 10 லட்சத்துக்கும் மேற்பட்ட இந்தியர்கள் கடல் கடந்து போனார்கள். ஏறத்தாழ 74,000 பேர் மாண்டார்கள். 1939இல் வைஸ்ராய் லின்லித்கோ ஒரு இந்தியத் தலைவரையும் கேட்காமல் இந்தியாவைப் போரில் சேர்த்தார். அதை எதிர்த்து மாகாணங்களின் காங்கிரஸ் அமைச்சரவைகள் பதவி விலகின, சென்னையில் ராஜாஜியின் அமைச்சரவையும் உட்பட. அணிசேர்வதைப் பற்றிச் சுதந்திர இந்தியா காட்டிய கூச்சத்தை நேருவின் கனவுலகம் என்று கேலி செய்கிறவர்கள் இந்த இரண்டு ஆண்டுகளையும் ஒருமுறை நினைத்துக்கொள்வது நல்லது.

இருங்காட்டுக்கோட்டையிலிருந்து சில நிமிடத்தில் ஸ்ரீபெரும்புதூர். ராமானுஜர் பிறந்த ஊர் என்று பல நூற்றாண்டாகப் பெயர் பெற்ற தலம் 1991 மே 21 இரவு உலகச் செய்தியில் வேறு காரணத்துக்காக அடிபட்டது. தேர்தல் கூட்டத்துக்கு வந்த ராஜீவ் காந்தியை விடுதலைப் புலிகளின் தற்கொலைக் குண்டுதாரி கொன்றார். காவலர்களும் கட்சிக்காரர்களும் பொதுமக்களுமாகப் பலர் உடன் மாண்டார்கள். அந்த இடத்தில் இன்று நினைவிடம் நிற்கிறது; 2003இல் குடியரசுத் தலைவர் அப்துல் கலாம் திறந்துவைத்தார். வருகிறவர்கள் தூண்களைச் சுற்றி நடந்து, படம் எடுத்துக்கொண்டு போகிறார்கள். இந்தக் கொலையைச் சரயேவோவின் பக்கத்தில் வைத்துப் பார்க்கிறவர்கள் குறைவு. வைத்துப் பார்த்தால் ஒற்றுமைகள் வியக்க வைக்கும். ஒரு பெரிய நாட்டின் உச்சத் தலைவர் ஒருவர். எல்லைக்கு அப்பால் வேர்கொண்ட தேசிய இயக்கம். அங்கே தீட்டப்பட்டு இங்கே நிறைவேற்றப்பட்ட சதி. கொலைக்குப் பின்னணியாகப் பெரிய நாட்டின் படை அண்டை மண்ணில் நடத்திய தலையீடு. இருந்தும் முதலாவது உலகப்போராயிற்று, இரண்டாவது ஒரு கிரிமினல் வழக்காயிற்று.

போருக்கான எரிபொருள் இங்கே இல்லாமல் இல்லை. 1983 கலவரத்துக்குப் பின் தமிழ்ப் போராளிக் குழுக்களுக்கு இந்தியா பயிற்சியும் ஆயுதமும் கொடுத்தது. கொழும்பு தன் பங்குக்கு இஸ்ரேல், பாகிஸ்தான், பிரிட்டிஷ் கூலிப்படை, சீன ஆயுதம் என்று துணை தேடியது. 1987 ஜூன் 4 அன்று மிராஜ் போர் விமானங்கள் காவலுக்கு வர, இந்திய விமானங்கள் யாழ்ப்பாணத்தில் உணவுப் பொட்டலம் போட்டன. இறையாண்மை மீறல் என்று இலங்கை கொதித்தது. ஜூலை 29 இந்திய-இலங்கை ஒப்பந்தத்தோடு பரிமாறிய கடிதங்களில் திருகோணமலைத் துறைமுகம் இந்தியாவுக்கு எதிராக எவருக்கும் தரப்படாது என்று எழுதி வாங்கியது புது தில்லி. மறுநாளே கொழும்பில் அணிவகுப்பு மரியாதையில் ஒரு கடற்படைச் சிப்பாய் துப்பாக்கிக் கட்டையால் ராஜீவைத் தாக்கினார். தெற்கில் சிங்கள தேசியவாதம் ஜேவிபியின் கலகமாக வெடித்தது. வடக்கில் இந்திய அமைதிப்படையே புலிகளோடு மோதி ஆயிரத்துக்கும் மேற்பட்ட வீரர்களை இழந்தது. அந்தப் படையை வெளியேற்றுவதற்காக பிரேமதாசா அரசு புலிகளுக்கே ஆயுதம் கொடுத்தது. தமிழ், சிங்களம், இந்தியம் என்று மூன்று தேசியவாதங்கள் முட்டிக்கொண்ட ஆண்டுகள் அவை. இந்தத் தொகுப்பில் ஒன்றே ஒன்று குறைந்தது: கொழும்புக்குப் பின்னால் 'நீ என்ன செய்தாலும் உன் பக்கம்' என்று சொல்லும் வல்லரசு இல்லை. 1987இல் அமெரிக்கா அசையவில்லை. இந்தியாவுக்கும் அப்படியொரு கட்டாயம் இல்லை. 1971 ஆகஸ்டில் சோவியத் யூனியனோடு செய்த உடன்படிக்கை, தாக்குதல் வந்தால் உடனே கலந்து பேச வேண்டும் என்றது; போரில் இறங்கியாக வேண்டும் என்று சொல்லவில்லை. அந்த ஆண்டு டிசம்பரில் பாகிஸ்தானோடு போர் நடக்கையில் அமெரிக்காவின் எண்டர்பிரைஸ் கப்பற்படை வங்காள விரிகுடாவுக்குள் வந்தபோது இந்தக் கடலும் சரயேவோவுக்கு எவ்வளவு பக்கத்தில் போனது என்பது நமக்குத் தெரியும்.

1991 மேயில் தில்லியில் இருந்ததோ சந்திரசேகரின் காபந்து அரசு. தேர்தலின் மீதிக் கட்டங்கள் ஜூனுக்குத் தள்ளிப்போயின. கெடு விதிக்க அதிகாரம் உள்ள அரசு இல்லாத அந்த இடைவெளியில் போலீஸ்காரர்கள் வேலை செய்தார்கள். டி.ஆர். கார்த்திகேயன் தலைமையில் சிபிஐயின் சிறப்புப் புலனாய்வுக் குழு அமைந்தது. சம்பவ இடத்தில் கிடைத்த ஒரு கேமராவின் ஃபிலிமிலிருந்து ஆட்களை அடையாளம் கண்டார்கள். சதியைக் களத்தில் நடத்திய சிவராசன் ஆகஸ்டில் பெங்களூரு பக்கம் கோணனகுண்டேயில் சுற்றி வளைக்கப்பட்டபோது உயிரை மாய்த்துக்கொண்டார். 1992 மேயில் இயக்கம் தடை செய்யப்பட்டது. வழக்கு பூந்தமல்லி தனி நீதிமன்றத்தில் ஆண்டுக்கணக்கில் நடந்து, 1998 ஜனவரி 28 அன்று குற்றம் சாட்டப்பட்ட 26 பேருக்கும் மரண தண்டனை விதிக்கப்பட்டது. அடுத்த ஆண்டு உச்ச நீதிமன்றம் நால்வருக்கு மட்டும் அதை உறுதி செய்து, மூவருக்கு ஆயுளாகக் குறைத்து, 19 பேரை விடுவித்தது. எஞ்சிய எழுவரும் 2022இல் வெளியே வந்தார்கள். இந்த நடைமுறையில் குறை சொல்ல நிறைய உண்டு: தடா சட்டத்தின் கடுமை, வாக்குமூலங்கள் வாங்கிய விதம், அகதி முகாம்களில் ஒரு பாவமும் அறியாத ஈழத்தமிழர் பட்ட சந்தேகத்தின் சுமை. ஆனால் 26 பேரில் 19 பேரைத் தனியே பிரித்து அனுப்பும் வேலையை நீதிமன்றம்தான் செய்ய முடியும். பெல்கிரேடு மீது விழுந்த ஆஸ்திரியக் குண்டுகள் யாரையும் பிரித்துப் பார்க்கவில்லை.

இந்த ஒப்பீட்டை எளிதில் மறுக்கலாம். கொலை செய்தது ஒரு இயக்கம், அரசு அல்ல. கொழும்பே அப்போது அதே இயக்கத்தோடு போரில் இருந்தது. தாக்க ஒரு தலைநகரமே இல்லாதபோது போர் வராததில் என்ன அதிசயம்? பாதி உண்மை. செர்பிய அரசும் தானே அந்தக் கொலைக்கு ஆணையிட்டது என்று நிரூபணமாகவில்லை. பொறுப்பை ஓர் அரசின் தலையில் ஏற்றலாமா என்பது எப்போதும் ஏற்றுகிறவரின் விருப்பத்தைப் பொறுத்தது. அதற்கு ஒரு வருடம் முன்புவரை புலிகளுக்கு ஆயுதம் தந்த அரசு என்று கொழும்பை நோக்கி விரல் நீட்டுவது தில்லிக்குக் கஷ்டமாக இருந்திருக்காது. இன்னொன்றும் உண்டு: இந்திய அமைதிப்படை 1990 மார்ச்சில் திரும்பிவிட்டது. தோல்வி என்று பத்திரிகைகள் எழுதிய அந்தத் திரும்பல், கொலை நடந்த அன்று தீவில் ஒரு இந்தியச் சிப்பாயும் இல்லாமல் செய்தது. பின்வாங்குவதும் ஒரு பாதுகாப்பு என்பதற்கு இதைவிட நல்ல சான்று நம் அண்மை வரலாற்றில் இல்லை.

இரண்டாவது மறுப்பு கனமானது. நேட்டோ 1949இலிருந்து வல்லரசுகளை நேருக்கு நேர் மோதவிடவில்லையே. கூட்டணி போரைத் தடுக்கத்தானே செய்கிறது? செய்கிறது, ஒரு எல்லை வரை. 1914இன் கூட்டணிகளும் அதற்கு முன் தடுத்தவைதான். 1905, 1911 மொராக்கோ நெருக்கடிகளிலும் 1912-13 பால்கன் போர்களிலும் பெரிய நாடுகள் விளிம்பு வரை போய்த் திரும்பின. ஆனால் ஒவ்வொரு முறையும் திரும்பியவனுக்கு அவமானம் சேமிப்பில் ஏறியது. நேட்டோ காலத்தில் அணுகுண்டு பயம் அந்தச் சேமிப்பைச் செலவழிக்க விடவில்லை; 1962 கியூபா நெருக்கடியில் கென்னடியும் குருஷேவும் ரகசியமாக விட்டுக்கொடுத்துத்தான் தப்பினார்கள். துருக்கியிலிருந்து ஏவுகணைகளை எடுப்பதாக அமெரிக்கா தந்த வாக்கு அன்று ஊருக்குச் சொல்லப்பட்டிருந்தால் இரு தரப்புக்கும் அந்த வழி திறந்திருக்காது.

இன்றைய வங்காள விரிகுடாவைப் பார்த்தால் கவலைப்படக் காரணம் உண்டு. 2022 ஆகஸ்டில் அமெரிக்கக் கடற்படையின் சார்லஸ் ட்ரூ கப்பல் பழுதுபார்ப்புக்காகச் சென்னைக்கு வடக்கே காட்டுப்பள்ளிக்கு வந்தது. இந்தியத் தளத்தில் அப்படி வந்த முதல் அமெரிக்கக் கடற்படைக் கப்பல் அது. அதே மாதம் சீனாவின் யுவான் வாங் 5, சீனக் கம்பெனிக்கு 99 ஆண்டு குத்தகையில் இருக்கும் அம்பாந்தோட்டையில் நங்கூரமிட்டது. 2024 ஜூனில் ரஷ்யாவும் வடகொரியாவும் பரஸ்பர ராணுவ உதவி உடன்படிக்கை செய்தன. சில மாதத்தில் வடகொரியச் சிப்பாய்கள் ரஷ்யாவின் கூர்ஸ்க் களத்தில் நின்றார்கள். தென்கொரியாவை 1953 உடன்படிக்கை அமெரிக்காவோடு கட்டியிருக்கிறது; வடகொரியாவை 1961 உடன்படிக்கை சீனாவோடு கட்டியிருக்கிறது. கொரியத் தீபகற்பத்தில் ஒரு கொலை நடந்தால் இருங்காட்டுக்கோட்டையின் அசெம்பிளி லைனும், தைவான் நீரிணையில் ஒரு கப்பல் மோதினால் ஸ்ரீபெரும்புதூரின் ஐபோன் ஷிப்டும் எந்த நாளில் நிற்கும் என்பதை இந்த ஊரில் எவரும் தீர்மானிக்கப் போவதில்லை. நம் மேற்கு எல்லையிலும் போக்கு மாறிவருகிறது. 2008 மும்பைத் தாக்குதலுக்குப் பின் இந்தியா படை அனுப்பவில்லை. 2019இல் பாகிஸ்தானின் பாலகோட்டில் குண்டு வீசியது. 2025 ஏப்ரல் 22 அன்று பஹல்காமில் 26 பேர் கொல்லப்பட்டு, மே 7 அன்று இந்தியா தாக்க, நான்கு நாள் சண்டை நடந்தது. சீனத் தயாரிப்பு விமானங்களும் ரஷ்ய, பிரெஞ்சுத் தயாரிப்பு ஆயுதங்களும் எதிரெதிரே நின்றன. செப்டம்பரில் பாகிஸ்தானும் சவுதி அரேபியாவும் ஒருவர் மீதான தாக்குதல் இருவர் மீதும் ஆனது என்று கையெழுத்திட்டன. பதிலடி சரியா தவறா என்ற விவாதம் தனி. கொலைக்கும் குண்டுக்கும் நடுவிலுள்ள அவகாசம் சுருங்குகிறது, அதை நீட்டிக்கச் சொல்பவரைத் தொலைக்காட்சி கோழை என்கிறது, பின்னால் நிற்கும் அணிகளோ கூடுகின்றன. 1914இன் மூன்று பொருள்களும் ஒரே அறைக்கு வருவது இப்படித்தான்.

இன்றுவரை இந்தியா எந்த வல்லரசோடும், அவர்கள் போருக்குப் போனால் தானும் போயாக வேண்டிய உடன்படிக்கை செய்துகொள்ளவில்லை. குவாட் அமைப்பில் இருக்கிறது. கூட்டுப் பயிற்சி செய்கிறது. ரஷ்யாவிடம் ஏவுகணையும் பிரான்சிடம் விமானமும் வாங்குகிறது. ஆனால் அந்த ஒரு கையெழுத்தைப் போடவில்லை. இதை முதுகெலும்பில்லாத நடுநிலை என்று சிலர் ஏசுகிறார்கள், சீனாவைத் தனியாகச் சமாளிக்க முடியாது என்கிறார்கள். ஆயுதமும் உளவும் தொழில்நுட்பமும் பெற அந்தக் கையெழுத்து தேவைப்படவில்லை என்பதே அவர்களுக்குப் பதில். எந்த அரசு வந்தாலும் அதைப் போடக் கூடாது. போடச் சொல்லி யாராவது மேடையில் முழங்கினால், யாருடைய கொலைக்காக யாருடைய எல்லையில் நம் பிள்ளைகள் நிற்க வேண்டும் என்று அவரிடம் கேளுங்கள்; பதில் வரும்வரை ஓட்டுப் போடாதீர்கள்.